எண்ணியும் அறிவிக்காத ஓட்டு

கார்ப் பயிர் கருகிய பின்னர் கன்னடியன் கால்வாயில் தண்ணீர் விட்டு என்ன பயன்? தாமிரவருணிப் பாசனக் குடியானவர் யாவரும் இதை அறிவர். நமது நியாயஸ்தலங்கள் அறியுமா என்பதே திருநெல்வேலி ஜில்லா ராதாபுரம் தேர்தல் வழக்கு எழுப்பும் கேள்வி.

2016-ம் வருஷத்துச் சட்டசபைத் தேர்தலில் அத்தொகுதியில் ஸ்ரீ இன்பதுரை 49 ஓட்டு வித்தியாசத்தில் ஜயித்ததாக அறிவிக்கப்பட்டது. எதிர்த்து நின்ற ஸ்ரீ அப்பாவு சென்னை ஹைக்கோர்ட்டில் வழக்குத் தொடுத்தார். தபால் ஓட்டுகளில் 203 செல்லாவென்று தள்ளப்பட்டிருந்தன. அத்தாட்சிக் கையெழுத்திட்ட தலைமையாசிரியர்கள் கெஜட் பதிவு பெற்ற உத்தியோகஸ்தர்களல்லர் என்பது காரணம். வித்தியாசமோ 49, தள்ளியதோ 203! தபால் ஓட்டுகளையும், 19, 20, 21-ம் சுற்று ஓட்டுகளையும் மறுபடி எண்ணும்படி 2019 அக்டோபர் 1-ந் தேதி ஹைக்கோர்ட் உத்தரவிட்டது. 4-ந் தேதி எண்ணியும் ஆயிற்று. ஆனால் முடிவை வெளியிடலாகாதென்று சுப்ரீம் கோர்ட் தடை விதித்தது. 2021 மே மாதம் சபையின் ஆயுள் முடிந்தது. எண்ணிய கணக்கு அப்போதும் வெளிவரவில்லை.

தேர்தல் வழக்கை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டுமென்பது 1951-ம் வருஷத்து மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் விதி. இங்கே ஐந்து வருஷமும் போதவில்லை.

பலனற்றுப்போன வழக்கில் கோர்ட்டுகள் காலத்தைச் செலவிடலாகாதென்பது நியாயமே. ஒரிஸ்ஸா வழக்கொன்றில், சபை கலைந்துவிட்டபடியால் விவாதம் ஏட்டுச் சுரைக்காயாயிற்றென்று கருதி, 1974-ல் சுப்ரீம் கோர்ட் அதற்குள் புக மறுத்தது. தேர்தல் முறைகேடு பற்றிய குற்றச்சாட்டு இருந்தால், எதிர்காலத் தகுதி அதனால் கெடக்கூடுமாகையால், வழக்கு பிழைக்கும். ஆனால் சபை தன் ஆயுள் முழுவதும் வாழ்ந்து முடிய, விசாரணையின் தாமதத்தாலேயே வழக்கு உயிரிழக்குமானால், அதே விதியைக் காட்டிக் கைகழுவுவது தருமமாகுமா?

ஜயித்தவர் மெய்யாகவே ஜயித்திருந்தால் ஐந்து வருஷம் அவர்மீது வீண் சந்தேகம் படிந்தது. தோற்றவர் ஜயித்திருந்தால் அவருக்குரிய ஆசனம் பறிபோயிற்று. ஸ்ரீ அப்பாவு 2021-ல் அதே தொகுதியில் ஜயித்துச் சபாநாயகருமானார். அவர் மனக்குறை தீர்ந்திருக்கலாம். ராதாபுரம் வாக்காளரின் ஐந்து வருஷத்தை யார் திருப்பித் தருவார்?

நாம் வேண்டுவது அதிகமன்று. தடை விதிக்கும் கோர்ட் அத்தடை தீரும் தேதியையும் விதிக்கட்டும். சட்டம் கூறும் ஆறு மாதத்தை அலங்கார வார்த்தையாகக் கருதாதிருக்கட்டும். தலைமையாசிரியர் கையெழுத்துச் செல்லுமா என்ற கேள்வி இனி வரும் தேர்தல்களிலும் எழக்கூடியது. அதற்கு விடை கூறுவது ஒருநாளும் வீண் வேலையாகாது. ஓட்டை எண்ணாது விடுவதும், எண்ணி மூடி வைப்பதும் ஜனங்களுக்கு ஒன்றே.