கூவாகக் கூட்டத்துக்குள் ‘தளபதி’ கேமரா!

சென்னையிலிருந்து ஜி.எஸ்.டி. ரோட்டில் வரும் சினிமா யூனிட் வண்டிகளுக்குத் திண்டிவனம் ஒரு முக்கியமான இடம். டீ குடிக்க மட்டுமில்லை, திரும்புவதற்கும்தான். இடது பக்கம் போனால் பாண்டிச்சேரி: கடற்கரை, பிரெஞ்சுத் தெரு, டூயட். வலது பக்கம் போனால் செஞ்சி: கோட்டை, மலை, வாள் சண்டை. எந்தப் பக்கமும் திரும்பாமல் நேரே விழுப்புரம் போய், அதையும் தாண்டி ஒரு கிராமத்துக்குள் புகுந்து, லட்சம் பேர் நடுவில் கேமராவைத் தூக்கிக்கொண்டு நிற்க யாருக்காவது தோன்றுமா?

ஒருவருக்குத் தோன்றியது. அவரும் லேசுப்பட்டவரில்லை. ‘தளபதி’யில் ரஜினிக்குப் பின்னால் சூரியனை நிறுத்தியவர். ‘ரோஜா’வில் பனியையும் ‘இருவர்’ படத்தில் கறுப்பு வெள்ளைக் காலத்தையும் நமக்குக் காட்டியவர். ‘உயிரே’ படத்தில் ஊட்டி ரயில் கூரைமேல் ஷாரூக் கானை ஆடவிட்டுப் படம் பிடித்தவர். சந்தோஷ் சிவன்!

2005இல் வந்த அவருடைய ‘நவரசா’வைப் பார்த்திருக்கிறீர்களா? தியேட்டரில் பார்த்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஆனால் அந்தப் படம் உருவான இடத்தை எட்டிப் பார்த்தால் தலை சுற்றும்.

செட் போடாத செட்

சித்திரை பௌர்ணமி நெருங்கும்போது விழுப்புரம் பஸ் ஸ்டாண்டில் இறங்கிப் பாருங்கள். லாட்ஜுக்கு லாட்ஜ் ஏறி இறங்கினாலும் அறை கிடைக்காது. மும்பை, பெங்களூரு, டெல்லி என்று எங்கிருந்தெல்லாமோ திருநங்கைகள் வந்து இறங்கிக்கொண்டே இருப்பார்கள். ஒரே கண்ணாடி முன்னால் நாலு பேர், கட்டில் முழுக்கப் பட்டுப்புடவை, வராந்தாவில் மல்லிகைப்பூ பேரம், படிக்கட்டில் போன வருஷம் பார்த்த தோழியைக் கட்டிப்பிடித்து ஒரு கூச்சல். ஊருக்குள் ‘மிஸ் கூவாகம்’ அழகிப்போட்டி வேறு களைகட்டும்.

இங்கிருந்து சுமார் 30 கிலோமீட்டரில் கூவாகம் கூத்தாண்டவர் கோயில். அன்றைக்கு அது விழுப்புரம் மாவட்டம். 2019இல் மாவட்டம் பிரிந்த பிறகு கள்ளக்குறிச்சியில் சேர்ந்துவிட்டது. ஆனாலும் திருவிழாவின் ஒப்பனை அறை இன்றும் விழுப்புரம்தான்!

கதை நமக்குத் தெரிந்ததே. பாரதப் போரில் பாண்டவர் ஜெயிக்கக் களப்பலி கொடுக்க வேண்டும். அர்ச்சுனனுக்கும் நாககன்னிக்கும் பிறந்த அரவான் முன்வருகிறான். சாவதற்கு முன் கல்யாணம் ஆக வேண்டும் என்பது அவன் ஆசை. மறுநாள் சாகப்போகிறவனுக்கு யார் பெண் கொடுப்பார்கள்? கண்ணனே மோகினியாகி அவனை மணக்கிறான். கூவாகத்தில் அந்தக் கல்யாணம் வருஷா வருஷம் நடக்கிறது. ராத்திரி பூசாரி கையால் ஆயிரக்கணக்கில் தாலி ஏறும். வேண்டுதலுக்காகச் சுற்றுவட்டார ஆண்களும் கட்டிக்கொள்வார்கள். விடிந்தால் தேர். அரவான் களப்பலி இடமான பந்தலடிக்குப் போய்ச் சேர்ந்ததும் தாலி அறுத்து, வளையல் உடைத்து, வெள்ளைச் சேலை கட்டி ஒப்பாரி.

இப்போது இதையே ஒரு தயாரிப்பு நிர்வாகியின் கண்ணால் பாருங்கள். இத்தனை ஆயிரம் ஜூனியர் ஆர்ட்டிஸ்ட், அத்தனை பேருக்கும் கல்யாணப் பட்டு ஒரு செட், மறுநாளைக்கு வெள்ளைச் சேலை ஒரு செட், தேர், வாணவேடிக்கை, மேளம்! பட்ஜெட் போட்டாலே மயக்கம் வரும். கூவாகத்தில் எல்லாம் தயார். ஒரே ஒரு சிக்கல்: ‘ஒன் மோர்’ கேட்க முடியாது. கட்டிய தாலியைக் கழற்றிவிட்டு மறுபடி கட்டுங்கள் என்று பூசாரியிடம் சொல்லிப் பாருங்களேன்! ஃபோகஸ் போச்சா? அடுத்த சித்திரைக்கு வாங்க!

கூட்டத்தில் ஒரு ஸ்வேதா

இந்த ஆரவாரத்துக்குள் சந்தோஷ் சிவன் அனுப்பியது ஒரு பெரிய ஹீரோவை இல்லை, பதின்மூன்று வயதுச் சிறுமியை. அப்போதுதான் வயதுக்கு வந்த ஸ்வேதா. வீட்டிலேயே இருக்கும் சித்தப்பா கௌதம் ரகசியமாகப் பெண்ணுடை அணிவதைப் பார்த்துவிடுகிறாள். அவர் கூவாகம் போய் அரவானை மணக்கப்போகிறார் என்று தெரிந்ததும் திருப்பி அழைத்துவரத் தனியாகக் கிளம்புகிறாள். போகிற வழியில் அவளுக்குத் துணையாகச் சேர்கிறவர் மும்பை நடிகர் பாபி டார்லிங். படத்திலும் அவர் பெயர் பாபி டார்லிங்தான்! ஸ்வேதாவாக நடித்தவர் ஸ்வேதாதான்! யார் நடிக்கிறார்கள், யார் வாழ்கிறார்கள் என்று பிரித்துச் சொல்ல முடியாதபடி நிஜத் திருவிழாவும் நிஜத் திருநங்கைகளும் படத்துக்குள் வந்து போகிறார்கள். குஷ்புவும் உண்டு, ஸ்வேதாவின் அம்மாவாக. அவரை வைத்து ஒரு குத்துப்பாட்டுகூடப் போடவில்லை என்றால் இயக்குநரின் மனத்திடத்தை எண்ணிப் பாருங்கள்.

இந்த ஸ்வேதா யார் என்பது இன்னொரு சுவாரஸ்யம். 1998இல் வந்த ‘மல்லி’யில் ஊமைத் தோழிக்குப் பேச்சு வர வேண்டும் என்று மாய நீலமணி தேடிக் காட்டுக்குள் ஓடும் குட்டிப்பெண் நினைவிருக்கிறதா? அதே பெண்தான். சிறந்த குழந்தை நட்சத்திரத்துக்கான தேசிய விருதை அந்தப் படத்துக்காக வாங்கியவர். ஜானகி விஸ்வநாதனின் ‘குட்டி’க்காக இரண்டாவது முறையும் வாங்கினார். காட்டில் மணி தேடியவர், வளர்ந்து கூவாகத்தில் சித்தப்பாவைத் தேடுகிறார்!

பெரிய படத்தில் கூலி, சின்னப் படத்தில் குஷி

இங்கேதான் சந்தோஷ் சிவனின் ரகசியம் லேசாக வெளியே எட்டிப் பார்க்கிறது. மணிரத்னம் படங்களில் அவர் செய்ததை உலகமே பேசும். ‘இருவர்’, ‘உயிரே’ இரண்டுக்கும் தேசிய விருது. 2024இல் கான் திரைவிழாவில் பியர் ஆஞ்செனியூ விருது, அதுவும் ஆசியாவிலிருந்து முதல் ஆளாக. ஆனால் சொந்தமாகப் படம் எடுக்கக் கிளம்பும்போது மனிதர் மூட்டையில் அடிக்கடி கட்டிக்கொள்வது ஒரே கதைதான்: ஒரு பிள்ளை, ஒரு பயணம், ஒரு தேடல்.

1996இல் ‘ஹாலோ’: மும்பைத் தெருக்களில் ஒரு சிறுமி நாய்க்குட்டியைத் தேடுகிறாள். பிறகு ‘மல்லி’யில் நீலமணி. 2008இல் ‘தஹான்’: காஷ்மீரில் ஒரு பையன் தன் கழுதையைத் தேடுகிறான். நாய்க்குட்டி, மணி, கழுதை, சித்தப்பா! தயாரிப்பாளரிடம் இந்தப் பட்டியலை நீட்டினால் காபி கொடுத்து அனுப்பிவிடுவார்.

இவற்றுக்கு நடுவில் ‘தி டெரரிஸ்ட்’. தொண்ணூறுகளின் கடைசியில் தமிழில் எடுத்த படம். தற்கொலைத் தாக்குதலுக்குத் தேர்வான ஒரு இளம்பெண்ணின் கடைசி நாட்கள். அவள் பெயரும் மல்லிதான்! ஆயிஷா தார்க்கரின் முகம்தான் லொகேஷன், மழைதான் எஃபெக்ட், சூரியன்தான் லைட்மேன். படப்பிடிப்பு மூன்று வாரம்கூட நடக்கவில்லை. அது ஃபிலிம் காலம். நானூறு அடி ரோல் நாலரை நிமிஷத்தில் தீர்ந்துவிடும், பிறகு மாற்ற வேண்டும். ஒவ்வொரு அடியும் காசு. அந்தக் கணக்கில் எடுத்த படத்தைக் கெய்ரோ திரைவிழாவில் பார்த்து அசந்துபோன ஹாலிவுட் நடிகர் ஜான் மால்கோவிச், தன் பெயரைப் போட்டு அமெரிக்காவில் வெளியிட முன்வந்தார். நம்மூரில் சிறந்த தமிழ்ப் படம், படத்தொகுப்பு என்று தேசிய விருதுகள் வந்தன. மக்கள்? ‘உயிரே’ ரயில் பாட்டைத் திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்!

இதற்கெல்லாம் பிள்ளையார் சுழி திருவனந்தபுரத்தில் அப்பாவின் வீட்டில் விழுந்தது. அப்பா சிவன் பெயர்பெற்ற புகைப்படக்காரர். மகன் புனே திரைப்படக் கல்லூரியில் படித்துவிட்டு, 1990இல் ‘பெருந்தச்சன்’ ஒளிப்பதிவுக்கே தேசிய விருது வாங்கியவர். கேமராவும் இயக்கமும் ஒரே ஆளிடம் இருப்பதில் ஒரு பெரிய லாபம் உண்டு. சின்னப் படத்தில் சம்பளப் பட்டியல் குறையும், கூட்டத்தில் புகுந்து புறப்பட ஆள் குறைவாக இருக்கும், ‘இதை எடு’ என்று சொல்லிப் புரியவைக்கும் நேரம் மிச்சமாகும். கூவாகம் மாதிரி இடத்தில் அந்த ஒரு விநாடிதான் எல்லாம். சொல்லி முடிப்பதற்குள் தாலி ஏறிவிடும்!

வேடிக்கையா, தேடலா?

கூவாகத்துக்குக் கேமரா புதிதில்லை. பத்திரிகைக்காரர்கள், வெளிநாட்டுப் புகைப்படக்காரர்கள், டிவி சேனல்கள், இப்போது ஆளுக்கொரு செல்போன். தாலி கட்டும் இடத்தில் தாலியைவிட லென்ஸ் அதிகம். அலங்காரத்தை ஒரு க்ளிக், அழுகையை ஒரு க்ளிக், அத்தோடு வண்டியேறிவிடுவார்கள். முகம் நிற்கும், ஆள் யாரென்று தெரியாது.

சந்தோஷ் சிவனும் அதே கூட்டத்தைத்தான் எடுத்தார். ஆனால் அந்தச் சிறுமியை முன்னால் விட்டாரே, அங்கேதான் இருக்கிறது வித்தை. வேடிக்கை பார்க்கிறவர் கண்ணுக்குக் கூட்டம்தான் தெரியும். சொந்தக்காரரைத் தேடுகிறவர் கண் ஒவ்வொரு முகத்திலும் ஒரு நொடி நிற்கும்: இவரா? இவர் இல்லையா? அவள் தேடத் தேட நாமும் ஒவ்வொருவரையும் யாரோ ஒரு வீட்டின் சித்தப்பாவாக, பிள்ளையாக, அக்காவாகப் பார்க்க ஆரம்பித்துவிடுகிறோம். திருப்பி அழைத்துவரக் கிளம்பியவளுக்கும் வழியில் இது புரிந்துபோகிறது. கிரேனும் டிராலியும் தர முடியாத கோணம் இது. ஒரு செலவுமில்லாமல், திரைக்கதையில் ஒரு உறவுமுறையைச் சேர்த்துச் சாதித்துவிட்டார்!

வருகிற சித்திரையில் நீங்களும் திண்டிவனத்தில் டீ குடித்துவிட்டு எந்தப் பக்கமும் திரும்பாமல் நேரே வாருங்கள். விழுப்புரம் லாட்ஜில் அறை கேட்டு மானத்தை வாங்காதீர்கள், கிடைக்காது. கூவாகத்தில் செல்போனை எடுக்கும் முன் எதிரில் நிற்கிறவரிடம் பெயரையும் ஊரையும் கேளுங்கள். நிச்சயம் சொல்வார்கள், கூடவே நாலு ஜோக்கும் சொல்வார்கள். அதற்குப் பிறகு எடுக்கும் போட்டோ நன்றாக வரும். ‘தளபதி’ கேமராமேன் கையாண்ட டெக்னிக், சும்மாவா!