மரப்பட்டையிலிருந்து மசாலாவுக்கு... கல்பாசி!

செட்டிநாட்டுக் கோழிக் குழம்புக்குத் தாளிக்கும்போது பட்டை, கிராம்பு, சோம்போடு, கருகிப்போன காகிதத் துண்டு மாதிரி ஒன்றைக் கிள்ளிப் போடுவோமே... அதை என்றைக்காவது கையில் எடுத்து உற்றுப் பார்த்திருக்கிறீர்களா? மேலே சாம்பல் நிறம், அடியில் கறுப்பு, ஓரமெல்லாம் சுருள் சுருளாக. அதுதான் கல்பாசி.

பெயரைக் கேட்டு 'கல்லில் வளர்கிற பாசி' என்று நினைத்துவிடுகிறோம். பாறையிலும் வளரும்தான். ஆனால் இதன் முக்கியமான வீடு, குளுமையான மலைக்காட்டு மரங்களின் பட்டை. இது முழுப் பாசியும் அல்ல. சிலர் இதையே 'கடல்பாசி' என்று சொல்லிக் கடைக்காரரைக் குழப்புவார்கள். ஜெல்லி செய்யப் போடுகிற கடல்பாசி வேறு, இது வேறு.

இருவர் நடத்தும் குடும்பம்

இந்த வகை உயிரினத்துக்கு லைக்கன் என்று பெயர். ஒரு பூஞ்சையும் ஒரு பச்சைப் பாசியும் சேர்ந்து நடத்தும் குடித்தனம் இது. பூஞ்சை வீடு கட்டி, ஈரத்தைப் பிடித்து வைக்கும். பாசி வெயிலை வைத்து உணவு தயாரித்துக் கொடுக்கும். 1867ல் சுவிட்சர்லாந்து அறிஞர் சைமன் ஷ்வெண்டனர் இதைச் சொன்னபோது பலர் நம்பவே இல்லை!

சரி, மரத்தின் சாற்றை இது உறிஞ்சிவிடுமா? இல்லை. பட்டையில் ஒட்டிக்கொண்டு இருக்குமே தவிர, மரத்தைச் சுரண்டிப் பிழைப்பதில்லை. இதற்கு வேரே கிடையாது. மழை, பனி, காற்று... இவற்றில் வருவதுதான் இதன் சாப்பாடு.

இங்கேதான் நாம் கவனிக்க வேண்டும்

காற்றில் நல்லது வந்தாலும் கெட்டது வந்தாலும் லைக்கன் வாங்கிச் சேர்த்து வைத்துக்கொள்ளும். 1986ல் செர்னோபில் அணு உலை வெடித்தபோது, காற்றில் வந்த கதிரியக்க சீசியம் ஸ்காண்டிநேவிய நாடுகளின் லைக்கன்களில் படிந்தது. அவற்றை மேய்ந்த ரெயின்டீர் மான்களின் இறைச்சியை ஏராளமாகக் கொட்டி அழிக்க வேண்டி வந்தது. காற்றில் வரும் ஈயம் போன்ற உலோகங்களும் இப்படித்தான் சேரும்.

உடனே டப்பாவைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிடாதீர்கள்! நாம் போடுவது ஒரு சிட்டிகை, அதுவும் என்றைக்கோ ஒருநாள். அந்த அளவோடு நிறுத்திக்கொள்வதுதான் புத்திசாலித்தனம். வாசனை தூக்கலாக இருக்கட்டும் என்று கைப்பிடி கைப்பிடியாகப் போட்டால் குழம்பும் கசக்கும்.

வாங்கும்போது...

* உலர்ந்து, மொறுமொறுப்பாக இருக்க வேண்டும். பூசண வாடை அடித்தால் வேண்டாம்.
* மரச்செதில், மண், குச்சி இருக்கும். பொறுக்கிவிட்டுத் தண்ணீரில் அலசி, நன்றாகக் காயவைத்து, காற்றுப் புகாத டப்பாவில் போடுங்கள். அலசினால் தூசி போகும். உள்ளே சேர்ந்த உலோகம் போகாது. அதனால் விலை மலிவு என்று அழுக்குச் சரக்கை அள்ளாதீர்கள்.
* பச்சையாக முகர்ந்தால் பெரிதாக வாசனை இருக்காது. சூடான எண்ணெயில் விழுந்ததும் பாருங்கள், வீடே மணக்கும்!

கை வைத்தியம் வேண்டாமே!

நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கிறதே என்று நீங்களாகக் கஷாயம் போட்டுக் குடிக்காதீர்கள். கடையில் விற்கும் கல்பாசியில் பல வகை லைக்கன்கள் கலந்திருப்பது சகஜம். எல்லா லைக்கனும் ஒன்றல்ல. ஐரோப்பாவில் ஓநாயைக் கொல்ல விஷமாகப் பயன்பட்ட லைக்கன்கூட உண்டு. தாடி போலத் தொங்கும் ஒரு வகையில் உஸ்னிக் அமிலம் இருக்கிறது. அந்த அமிலம் சேர்ந்த ஓர் எடை குறைப்பு மாத்திரையால் கல்லீரல் பாதிக்கப்படுவதாக 2001ல் அமெரிக்க அரசின் உணவு, மருந்து நிர்வாகமே எச்சரித்தது. மருந்தாகச் சாப்பிடுவதென்றால் மருத்துவரைக் கேட்காமல் வேண்டாம்.

இன்னொரு விஷயம். ஊட்டி, கொடைக்கானல் போகும்போது 'அட, நம்ம கல்பாசி!' என்று மரத்திலிருந்து பிய்த்துக்கொண்டு வராதீர்கள். எது சமையலுக்கானது என்று நமக்குத் தெரியாது. அதோடு, இது வருஷத்துக்குச் சில மில்லிமீட்டர்தான் வளரும். நாம் நொடியில் பிய்ப்பது திரும்ப வளரப் பல வருஷம் ஆகும்.

அடுத்த முறை கல்பாசியைக் கிள்ளும்போது, மலைக்காற்றைக் குடித்து மெல்ல மெல்ல வளர்ந்தது இது என்று நினைத்துக்கொள்ளுங்கள். தானாகவே சிட்டிகையோடு கை நின்றுவிடும்!