லைன்! இந்தக் குட்டிச் சொல்லுக்குள் இத்தனை இருக்கிறது, தெரியுமா?

"மேல மரம் சாஞ்சு லைன் அத்துப்போச்சுண்ணே. லைன்மேனுக்குப் போன் போட்டா லைன் கெடைக்கமாட்டேங்குது. லைன் வீட்டு ஆளுக பூராம் இருட்டுல உக்காந்திருக்கு!"

ஐப்பசி அடைமழையில் கொடைக்கானல் மலையின் செண்பகனூர்ப் பக்கம் போனால் இப்படி ஒரு பேச்சு காதில் விழலாம். ஒரே மூச்சில் நான்கு லைன்! ஒன்று மின்கம்பி. ஒன்று அந்தக் கம்பியில் வேலை பார்ப்பவருடைய பதவி. மூன்றாவது தொலைபேசித் தொடர்பு. நான்காவது, ஒட்டிக்கட்டிய வரிசை வீடு. சொன்னவருக்கும் குழப்பமில்லை, கேட்டவருக்கும் குழப்பமில்லை. எந்த லைன் எது என்று யாரும் யாருக்கும் விளக்கவில்லை!

ஆங்கிலத்தில் நீளச் சொற்களைவிடக் குட்டிச் சொற்களே அதிகம் உழைக்கின்றன. ஆக்ஸ்போர்டு பேரகராதியின் 1989 பதிப்பில் 'செட்' என்ற வினைச்சொல்லுக்கு 430 பொருள். அதற்குப் பிறகு அகராதியைப் புதுப்பித்தபோது 'ரன்' அதை முந்திவிட்டது. வினைச்சொல்லாக மட்டும் 645 பொருள்! அந்த ஒரு சொல்லைப் பிரித்து அடுக்கப் பீட்டர் கில்லிவர் என்ற அகராதியாளர் ஒன்பது மாதம் செலவிட்டார். ஒரு குழந்தை பிறக்கும் காலம்!

அந்தப் பட்டியலில் 'லைன்' முதலிடத்தில் இல்லை. ஆனால் தமிழன் வாயில் புகுந்து குடும்பம் நடத்தும் ஆங்கிலச் சொற்களில் இதற்கு இணையானது அபூர்வம் என்பேன். இத்தனைக்கும் இது நம் இலக்கண வாசலில் நுழையவே கூடாத சொல். தொல்காப்பியப்படி தமிழ்ச்சொல் எதுவும் 'ல'கர வரிசையில் தொடங்காது. அதனால்தான் லங்கை இலங்கையானது, லட்சுமணன் இலக்குவனானான். முறைப்படி பார்த்தால் இதுவும் 'இலைன்' என்றுதான் வந்திருக்க வேண்டும். ஆனால் 'இ' என்ற வாயிற்படியைத் தாண்டிக் குதித்து நேராக வீட்டுக்குள் வந்துவிட்டது!

சரி, இது பிறந்தது எங்கே? அதைத் தேட மறுபடி செண்பகனூருக்கே வருவோம். பெயரிலேயே செண்பகத்தைச் சுமக்கும் ஊர். இயேசு சபையார் 1895-இல் தொடங்கிய திருஇருதயக் கல்லூரியும், செடிகொடிகளும் விலங்கினங்களும் பாடம்செய்து வைத்த அதன் அருங்காட்சியகமும் உள்ள ஊர். அந்த ஊரில் நின்றுகொண்டு தேடும்போது இந்தச் சொல்லின் வேர் ஒரு செடியிலேயே போய் முடிகிறது. லத்தீனில் 'லினம்' என்றால் ஆளிச்செடி. நாட்டுமருந்துக் கடையில் கொழுப்பு குறையும் என்று பொட்டலம் கட்டித் தருகிறார்களே ஆளிவிதை, அதே செடிதான்! லின்னேயஸ் 1753-இல் அதற்கு வைத்த பெயரில் 'மிக மிகப் பயனுள்ளது' என்றே அடைமொழி இருக்கிறது. அதன் தண்டிலிருந்து நார் எடுத்து நூற்ற நூல் 'லீனியா'. அந்த நூலை இழுத்துப் பிடித்தால் நேராக நிற்கும். அந்த நேர்தான் லைன்!

அதே நாரில் நெய்த துணி லினன். லினன் சட்டை போட்டுக்கொண்டு பஸ்ஸுக்கு லைனில் நிற்பவர், ஒரே செடியை உடம்பிலும் போட்டுக்கொண்டு காலடியிலும் வைத்திருக்கிறார். இன்னும் கேளுங்கள். ரவிக்கை தைக்கக் கொடுக்கும்போது "லைனிங் வச்சுத் தைக்கணுமா?" என்று டெய்லர் கேட்கிறாரே, அந்த லைனிங், கோடு என்ற லைனிலிருந்து வந்ததே கிடையாது! அந்தக் காலத்தில் உடுப்பின் உள்பக்கத்தில் லினன் துணி வைத்துத் தைத்ததால் வந்த பெயர் அது. தரையில் விரித்த லினோலியமும் ஆளியெண்ணெய் கலந்ததால் அந்தப் பெயர் பெற்றதுதான்.

இப்போது, எனக்கு ரொம்பப் பிடித்த அதிசயத்துக்கு வருகிறேன்.

'லைன் கிளியர்' என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். ரயில்வேயில் பிறந்த சொல். ஒற்றைத் தண்டவாளப் பாதையில் அடுத்த ஸ்டேஷன் மாஸ்டர் "பாதை காலி, அனுப்பலாம்" என்று சொன்னால்தான் இந்த ஸ்டேஷனிலிருந்து வண்டி கிளம்பும். முன்பெல்லாம் அதற்கு அடையாளமாக ஒரு டோக்கனை எடுத்துப் பெரிய வளையத்தில் கோத்து, ஓடும் வண்டியின் டிரைவர் கையில் எட்டிக் கொடுப்பார்கள். அது கையில் இல்லாமல் வண்டி நகராது. அதாவது ரயில்வேயில் லைன் கிளியர் என்றால், வண்டி வரப்போகிறது, ஒதுங்கு!

இதே இரண்டு சொல் மின்வாரியத்திலும் இருக்கிறது. கம்பத்தில் ஏறுமுன் வாங்கும் அனுமதிக்குப் பெயர் லைன் கிளியர். சுருக்கமாக 'எல்.சி.' "எல்.சி. வாங்கியாச்சா?" என்று கேட்காமல் எந்த லைன்மேனும் கம்பியைத் தொடக்கூடாது. இங்கே லைன் கிளியர் என்றால், கரண்ட் வராது, ஏறு! ஒரே சொல், ஓர் இடத்தில் வருகிறது என்கிறது, இன்னோர் இடத்தில் வராது என்கிறது. இரண்டு இடத்திலும் அது ஓர் உயிரைக் காக்கிறது. மழையிலும் மூடுபனியிலும் சவுக்கும் யூக்கலிப்டஸும் சாய்ந்து கிடக்கிற மலையில், நனைந்த கம்பத்தில் ஏறும் ஒரு மனிதனுக்கு இந்த இரண்டு எழுத்தைவிடப் பெரிய கவசம் கிடையாது.

ரயிலைப் பற்றிப் பேசும்போது இன்னொன்று. கொடைக்கானல் போக நீங்கள் இறங்குவது கொடை ரோடு ஸ்டேஷன். அதன் பழைய பெயர் அம்மையநாயக்கனூர். சென்னையிலிருந்து அங்கே வரும் வண்டிகளில் பெரும்பாலானவை விழுப்புரத்திலிருந்து விருத்தாசலம் வழியாகத் திருச்சியைப் பிடிக்கின்றன. அதற்குப் பெயர் கார்டு லைன். வில்லில் நாண் எப்படியோ அப்படி, வளைவைச் சுற்றாமல் நேராக வெட்டிப் போகும் பாதை. மயிலாடுதுறை, கும்பகோணம், தஞ்சாவூர் வழியாகச் சுற்றிப்போவதுதான் மெயின் லைன்! தெற்கே போகும் வண்டிகளின் கூட்டமெல்லாம் நாண் வழியாகப் பறக்கிறது. பட்டம் மட்டும் இன்னும் வில்லிடமே இருக்கிறது. தஞ்சாவூர்க்காரர்களிடம் கேட்டுப் பாருங்கள், "நாங்க மெயின் லைனு" என்று சொல்லும்போது குரலில் ஒரு மிடுக்கு வரும்.

லைன் வீட்டுக்கு வருவோம். கோயம்புத்தூர்ப் பக்கம் ஒரே கூரையின்கீழ் நாலைந்து குடித்தனம் வரிசையாக இருந்தால் அது லைன் வீடு. மில் தொழிலாளர்கள் வாழ்ந்து வளர்த்த பெயர். மலையில் காப்பித் தோட்டம், தேயிலைத் தோட்டம் எங்கெல்லாம் உண்டோ அங்கெல்லாம் லைன் உண்டு. கடல் கடந்து இலங்கைக்குப் போனால் அதே சொல் 'லயன்' ஆகிறது, 'லயம்' ஆகிறது. பத்தடிக்குப் பன்னிரண்டடி அறை, முன்னால் ஒரு சின்னத் திண்ணை, அடுத்த சுவருக்கு அப்பால் அடுத்த குடும்பம். இலங்கையில் முதலில் காப்பி பயிரிட்டார்கள். 1869-இல் வந்த இலைத்துரு நோய் அதை அழித்தது. அதற்கு இரண்டு ஆண்டு முன்பே, 1867-இல், லூல்கந்துரா என்ற தோட்டத்தில் ஜேம்ஸ் டெய்லர் என்பவர் தேயிலை நட்டிருந்தார். பயிர் மாறியது, முதலாளிகள் மாறினார்கள். லயன் மாறவில்லை!

1964-இல் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் வந்தது. இலங்கையில் இருந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்றுக்கொள்வதாகக் கையெழுத்தானது. அப்படித் தாயகம் திரும்பியவர்களில் பலர் நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்டக் கழகத்தில் வேலைக்குச் சேர்ந்தார்கள். அங்கேயும் அவர்களுக்குக் கிடைத்தது லைன் வீடுதான். தாத்தா லயனில் பிறந்தார், பேரன் லைனில் பிறந்தான். நடுவில் ஒரு கடல். ஒரு சொல்லை இத்தனை தலைமுறை சுமந்தவர்கள் வேறு யாரையும் எனக்குத் தெரியாது. அகராதியில் ஒரு வரியில் முடிந்துபோகிற பொருள் இது. எனக்கு மற்ற எல்லாப் பொருளையும்விடக் கனமாகத் தெரிவதும் இதுதான்.

இனி, தலையைத் தூக்கிச் சூரியனைப் பாருங்கள்!

செண்பகனூரிலிருந்து மேலே ஏறி, கொடைக்கானல் ஊரைத் தாண்டினால் சூரிய ஆய்வகம். 1899-இல் தொடங்கியது. கடல்மட்டத்திலிருந்து 2,343 மீட்டர் உயரம். அங்கேயும் பேச்சு முழுக்க லைன்தான். சூரிய ஒளியைக் கருவியில் பிரித்தால் வானவில் பட்டை விரியும். அதன் குறுக்கே மெல்லிய கறுப்புக் கோடுகள் நூற்றுக்கணக்கில் தெரியும். ஒவ்வொரு கோடும் ஒரு தனிமத்தின் கைரேகை! சோடியத்துக்கு ஓர் இடம், இரும்புக்குப் பல இடம். ஊதா ஓரத்தில் கால்சியத்தின் கோடு ஒன்று உண்டு. அதற்குப் பெயர் 'கே லைன்'. அந்த ஒற்றைக் கோட்டின் ஒளியை மட்டும் பிடித்துச் சூரியனைப் படமெடுக்கும் வேலையை நூறாண்டுக்கு முன்பே கொடைக்கானலில் தொடங்கிவிட்டார்கள். உலகமெங்கும் உள்ள சூரிய ஆராய்ச்சியாளர்கள் இன்றும் அந்தப் பழைய படங்களைத் தேடிப் படிக்கிறார்கள்.

1909 ஜனவரி. ஜான் எவர்ஷெட் என்ற விஞ்ஞானி அங்கே சூரியப் புள்ளி ஒன்றின் ஒளிப்பட்டையைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். நேராக நிற்க வேண்டிய கோடுகள் புள்ளியின் ஒரு பக்கத்தில் சிவப்பை நோக்கியும் மறுபக்கத்தில் நீலத்தை நோக்கியும் இம்மியளவு நகர்ந்திருக்கின்றன. ரயில் நம்மை நெருங்கும்போது ஒரு சுருதியிலும் விலகும்போது வேறு சுருதியிலும் விசில் கேட்கிறதல்லவா? ஒளியிலும் அதேதான். கோடு நகர்ந்தால் வாயு ஓடுகிறது என்று பொருள். சூரியப் புள்ளியின் நடுவிலிருந்து வாயு வெளிப்பக்கம் பாய்கிறது என்று அவர் கண்டுசொன்னார். எத்தனையோ கோடி கிலோமீட்டர் தள்ளி அடிக்கும் காற்றைப் பழனி மலைத்தொடரில் உட்கார்ந்து, ஒரு மெல்லிய லைன் சாய்ந்ததை வைத்துக் கண்டுபிடித்திருக்கிறார்! 'எவர்ஷெட் விளைவு' என்று உலகமே அதைப் படிக்கிறது. நம் பள்ளிக்கூடப் பிள்ளைகளைக் கொடைக்கானலுக்கு அழைத்துப்போகும்போது ஏரியில் படகு விட்ட கையோடு இந்த இடத்தையும் காட்டுகிறோமா?

இன்னும் ஓடுகின்றன லைன்கள். சேல்ஸ்மேன் "இன்னிக்கு லைனுக்குப் போறேன்" என்றால் கடைகடையாகச் சரக்குப் போடப் போகிறார். நாமக்கல் லாரிக்காரர் "பம்பாய் லைன்" என்றால் அது பாதை. சினிமாக்காரர் "ஒன் லைன் சொல்லுங்க" என்றால் மூன்று மணி நேரக் கதை ஒரு மூச்சில் வேண்டும். "உன் பையன் எந்த லைன்ல இருக்கான்?" என்றால் பிழைப்பு. அதே பையன் பஸ் ஸ்டாப்பில் நின்று "லைன் போடுறான்" என்றால் வீட்டில் சொல்லித் தீர வேண்டிய விஷயம்! இங்கிலீஷ் எழுதிப் பழகும் பிள்ளைக்கு நாலு லைன் நோட்டு. கபடி ஆடுபவனுக்கு போனஸ் லைன். செல்போனில் கம்பியே கிடையாது, ஆனாலும் "லைன்ல இருங்க" என்றுதான் சொல்கிறோம்.

'டெட்லைன்' எங்கே பிறந்தது தெரியுமா? பத்திரிகை ஆபீஸில் இல்லை. அமெரிக்க உள்நாட்டுப் போர்க்காலத்தில், 1864-இல், ஆண்டர்சன்வில் என்ற சிறை முகாமில் ஒரு கோடு வகுத்திருந்தார்கள். அதைத் தாண்டிய கைதியைச் சுட்டுவிடுவார்கள்! மண்ணில் கோடு போட்டு மனிதரைப் பிரித்த கதைகள் நம் பக்கமும் உண்டு. 1893-இல் டூரண்ட் லைன், 1914-இல் மெக்மகன் லைன், 1947-இல் ராட்கிளிப் லைன். மூன்றும் மனிதர் பெயர்; மூன்றின் இருபுறமும் இன்னும் துப்பாக்கி.

இத்தனை லைன் சொன்ன பிறகு, நம் சொல்லைச் சொல்லாமல் போனால் எனக்குத் தூக்கம் வராது.

லைனுக்குத் தமிழ் என்ன? கோடு. அந்தக் 'கோடு' என்னவெல்லாம் ஆகும் தெரியுமா? யானையின் தந்தம் கோடு. விலங்கின் கொம்பு கோடு. மரக்கிளை கோடு. ஊதும் சங்கு கோடு. குளத்தின் கரை கோடு. மலையுச்சியும் கோடு! சிவந்த மலை நிற்கும் ஊருக்குத் திருச்செங்கோடு என்று பெயர் வந்தது அப்படித்தான். 'கோடுதல்' என்றால் வளைதல். ஆங்கிலத்து லைன் இழுத்துப் பிடித்த நூலில் பிறந்தது, அதனால் நேராக நிற்கிறது. நம் கோடோ கொம்புபோல, கிளைபோல, கரைபோல வளைந்து நிற்கிறது. நேராக வேண்டுமென்றால் 'நேர்கோடு' என்று தனியாகச் சொல்கிறோம்!

இன்னொரு சொல், வரி. புலியின் உடம்பில் வரி, கடிதத்தில் வரி, அரசாங்கத்துக்குக் கட்டுவது வரி, வீட்டைத் தேடி வருபவருக்கு முகவரி. பாட்டுக்கும் வரி என்று பெயர். சிலப்பதிகாரத்தின் ஏழாவது காதை 'கானல் வரி'. அங்கே கானல் கடற்கரைச் சோலை. அந்தக் கானலே மலையேறி வந்து கொடைக்கானல் என்ற பெயருக்குள்ளும் உட்கார்ந்திருக்கிறது, பாருங்கள்!

உங்கள் ஊரில் 'லைன்' என்ற சொல்லுக்கு இங்கே வராத பொருள் ஒன்று நிச்சயம் இருக்கும். மீன்பிடித் துறையிலோ, தறிக்கூடத்திலோ, லாரிப் பட்டறையிலோ அதைச் சொல்லும் பெரியவர் ஒருவர் இருப்பார். இந்த வாரமே போய்க் கேட்டு, ஒரு நோட்டில் எழுதி வையுங்கள்.