ஜெயில் வாசலில் மீண்டும் கைது!

1942-ம் ஆண்டு. உலகப் போர் உச்சத்தில் இருந்த நேரம். 18 மாதம் ஜெயிலில் இருந்த ஒருவர் விடுதலையாகி வெளியே வந்தார்.

வாசலிலேயே போலீசார் காத்திருந்தார்கள். இந்தியப் பாதுகாப்புச் சட்டப்படி மீண்டும் கைது!

யார் அவர்? கமுதிக்குப் பக்கத்தில் உள்ள பசும்பொன் கிராமத்தில், 1908-ம் ஆண்டு அக்டோபர் 30-ந் தேதி பிறந்த முத்துராமலிங்கத் தேவர்தான்.

கைக்குழந்தையாக இருந்தபோதே அவர் தாயை இழந்தார். ஒரு முஸ்லிம் தாய்தான் அவரை எடுத்து வளர்த்தார். நிலபுலம் நிறைந்த குடும்பம். வீட்டோடு இருந்திருந்தால் ஒரு குறையும் இல்லை. அவர் இருக்கவில்லை.

ரேகைச் சட்டம்

வெள்ளையர் ஆட்சியில் குற்றப்பரம்பரைச் சட்டம் என்று ஒன்று இருந்தது. சில சாதிகளில் பிறந்ததே குற்றம்! ஆண்கள் கைரேகை பதிய வேண்டும். இரவானால் போலீஸ் நிலையத்துக்குப் போய்ப் படுக்க வேண்டும்.

1934-ல் கமுதியை அடுத்த அபிராமத்தில் தேவர் மாநாடு கூட்டினார். "சட்டத்தை எடு" என்று மாநாடு கேட்டது. 1947-ல் சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் ஒழிந்தது.

ஆலைத் தொழிலாளர் பக்கம்

1937 தேர்தலில் அவர் காங்கிரஸ் வேட்பாளர். எதிர்த்து நின்றவர் ராமநாதபுரம் ராஜா. ராஜா தோற்றார், தேவர் சட்டசபைக்குப் போனார்.

மதுரைப் பஞ்சாலைகளில் ப. ஜீவானந்தத்தோடு சேர்ந்து தொழிலாளர் சங்கங்களை நடத்தினார். ஒரு தொழிலாளி தனியாகக் கேட்டால் வேலை போய்விடும். எல்லோரும் சேர்ந்து கேட்டால் முதலாளி காது கொடுப்பார். அதற்குத்தான் சங்கம்.

மகாலட்சுமி மில்லில் சங்கத்தார் சிலரை வேலையில் இருந்து நீக்கினார்கள். வேலை நிறுத்தம் நாள் கணக்கில் நீண்டது. 1938 அக்டோபர் 15-ந் தேதி தேவர் ஜெயிலுக்குப் போனார்.

அப்போது ஆட்சியில் இருந்தது ராஜாஜி மந்திரிசபை. அதாவது, அவருடைய சொந்தக் கட்சி! முடிவில் நீக்கப்பட்டவர்களுக்கு வேலை திரும்பக் கிடைத்தது.

ஊருக்குப் போனது குற்றம்

1939-ல் நேதாஜி பார்வர்டு பிளாக்கைத் தொடங்கினார். தேவர் அவர் பக்கம் நின்றார். செப்டம்பரில் போர் மூண்டது. அதே மாதம் நேதாஜி மதுரைக்கு வந்தபோது தேவர் வரவேற்றார்.

"அனுமதி இல்லாமல் மதுரையை விட்டுப் போகக்கூடாது" என்று சர்க்கார் தேவருக்குத் தடை போட்டது. 1940 செப்டம்பரில் சொந்த ஊருக்குப் புறப்பட்டார். வழியில் கைது! திருச்சி ஜெயிலில் 18 மாதம். அதன் பிறகுதான் அந்த வாசல் கைது.

இதே போரில் பிரான்சு நாட்டில் ஜார்ஜ் செகி என்ற அச்சகத் தொழிலாளச் சிறுவன் ஜெர்மானியரை எதிர்த்தான். 16 வயதில் பிடிபட்டு, மவுத்தவுசன் வதைமுகாமுக்கு அனுப்பப்பட்டான். உயிர் தப்பிய அவனே 1967-ல் அந்த நாட்டின் பெரிய தொழிற்சங்கத்துக்குத் தலைமை ஏற்றான். அங்கே சிறை முதலில், சங்கம் பிறகு. இங்கே சங்கம் முதலில், சிறை பிறகு. கொடுத்த விலை ஒன்றுதான்: வாழ்வின் நல்ல ஆண்டுகள்.

1945 செப்டம்பர் 2-ந் தேதி ஜப்பான் சரண் பத்திரத்தில் கையெழுத்திட்டது. 5-ந் தேதி தேவர் விடுதலையானார்.

பின்னாளில் சோதனையும் சர்ச்சையும் வந்தன. 1957 முதுகுளத்தூர் கலவரத்தை ஒட்டிக் கைதாகி, 1959-ல் வழக்கில் விடுதலை பெற்றார். 1963 அக்டோபரில் காலமானார்.

ஆண்டுதோறும் அக்டோபர் 30-ந் தேதி பசும்பொன்னில் பெருங்கூட்டம் கூடுகிறது. மாலையோடு போகிறவர்கள், வேலை திரும்பக் கிடைத்த அந்த மில் தொழிலாளர்களையும் ஒரு நிமிடம் நினைக்கட்டும். அவர்கள் வீட்டு அடுப்பு மீண்டும் எரிந்ததே, அதுவும் அவருக்குப் போட்ட மாலைதான்!