நாற்காலி வகுப்பு

காலை ஒன்பதரை மணி. நியூ ஜெர்சியில் எடிசனுக்குப் பக்கத்தில் ஒரு ஜிம். ஆறு மணிக்கு வந்து ஓடி, குளித்து, ஆபீசுக்குப் பறந்த இளவட்டங்கள் எல்லாம் போய்விட்டார்கள். அடுத்த கூட்டம் சாயங்காலம்தான். இந்த நேரத்தில் கண்ணாடிச் சுவர் வைத்த கூடத்துக்குள் எட்டிப் பார்த்தால், வரிசை வரிசையாக நாற்காலிகள். கை வைக்காத சாதாரண நாற்காலிகள். ஒவ்வொன்றின் அடியிலும் குட்டி டம்பெல் இரண்டு, பிடி வைத்த ரப்பர் குழாய் ஒன்று, கைக்கு அடக்கமாக ஒரு பந்து. கல்யாண மண்டபத்தில் பந்தி போட்டு வைத்த மாதிரி இருந்தது எனக்கு.

இரண்டாவது வரிசையில் ஓரத்து நாற்காலி என் சித்தப்பாவுடையது. 1973-ல் இன்ஜினியராக வந்து இறங்கியவர். இப்போது 77 வயது. வாசலில் ஒரு கார்டை நீட்டினார், மெஷின் 'பீப்' என்றது, உள்ளே போய்விட்டார். பைசா கொடுக்கவில்லை.

"இன்சூரன்ஸ் கட்டுதுடா. எனக்கு ஃப்ரீ" என்று கார் ஓட்டிக்கொண்டு வரும்போதே மூன்று தடவை சொல்லியிருந்தார். எனக்கு அது புதிது. எனக்குத் தெரிந்த இன்சூரன்ஸ், ஆஸ்பத்திரியில் அட்மிட் ஆனால்தான் நம்மைத் திரும்பிப் பார்க்கும். அப்போதும் பில்லில் நாலு ஐட்டத்தை அடித்துவிட்டுத்தான் தரும். நல்ல உடம்போடு இருக்கிறவனுக்கு, நல்ல உடம்போடேயே இருப்பதற்காக, கம்பெனி ஏன் பணம் கட்ட வேண்டும்?

அமெரிக்காவில் முதியோருக்கான அரசு மருத்துவக் காப்பீடான மெடிகேர் 1965-ல் வந்தது. ஜூலை 30 அன்று, மிசூரி மாநிலத்தின் இண்டிபெண்டன்ஸ் ஊரில் ட்ரூமன் நூலகத்தில் வைத்து ஜனாதிபதி லிண்டன் ஜான்சன் சட்டத்தில் கையெழுத்திட்டார். முதல் அட்டை முன்னாள் ஜனாதிபதி ஹாரி ட்ரூமனுக்கு. அப்போது அவருக்கு 81 வயது. வேடிக்கை என்னவென்றால், ட்ரூமன் பேர்போன நடையர். விடிந்தும் விடியாததுமாகக் கைத்தடியோடு கிளம்பி, நிமிடத்துக்கு 120 காலடி என்ற பட்டாள நடையில் போவார். கூட வரும் பத்திரிகைக்காரர்களுக்கு மூச்சு வாங்கும். அப்படிப்பட்ட மனிதர் கையில் கொடுத்த அட்டை நடைக்கோ உடற்பயிற்சிக்கோ ஒரு சென்ட் தராது. நோயைக் கண்டறியவும் காயத்தைக் குணப்படுத்தவும் தேவையானதற்கு மட்டுமே பணம் என்பது சட்டத்தின் அடிப்படை. கண்ணாடி, காது மெஷின், பல் செட்டு, சும்மா செய்துகொள்ளும் செக்கப் எல்லாமே வெளியே. டாக்டர் செலவுக்கான பகுதிக்குத் தொடக்கத்தில் மாதம் 3 டாலர் பிரீமியம். 2025-ல் அது 185 டாலர். ஆனால் அந்த மூல மெடிகேர் ஜிம்முக்கு இன்றும் பணம் கொடுப்பதில்லை.

சட்டம் எழுதியவர்களை மட்டும் குறை சொல்ல முடியாது. வயசானவருக்கு வைத்தியம் என்றாலே ஓய்வு என்றிருந்த காலம் அது. மாரடைப்பு வந்தவரை வாரக்கணக்கில் கட்டிலிலேயே போட்டு வைப்பார்கள். திரும்பிப் படுக்கக்கூட நர்ஸ் வர வேண்டும். 1952-ல் பாஸ்டனில் சாமுவேல் லெவைன், பெர்னார்ட் லவுன் என்ற இரண்டு டாக்டர்கள், அப்படிப்பட்ட நோயாளியைப் படுக்கையிலிருந்து எழுப்பி நாற்காலியில் உட்கார வைக்கலாம் என்று எழுதினார்கள். உட்கார வைக்கலாம், அவ்வளவுதான். அதுவே அன்று பெரிய துணிச்சலாகப் பட்டது. 1955 செப்டம்பரில் டென்வர் நகரத்தில் ஜனாதிபதி ஐசனோவருக்கு மாரடைப்பு வந்தபோது ஆஸ்பத்திரியை விட்டு வெளியே வர அவருக்கு ஏழு வாரம் ஆயிற்று. அவரைப் பார்த்துக்கொண்ட பால் டட்லி வொய்ட் தானே சைக்கிள் ஓட்டுகிறவர். நடங்கள், மிதியுங்கள் என்று ஊருக்கெல்லாம் சொன்னவர். 1968-ல் கென்னத் கூப்பரின் 'ஏரோபிக்ஸ்' புத்தகம் வந்தபின் நடுத்தர வயதுக்காரர்கள் ரோட்டில் ஓட ஆரம்பித்தார்கள். அப்போதும் தாத்தாவுக்கு வாங்கிக் கொடுத்த பரிசு சாய்வு நாற்காலிதான்.

ஜிம்களும் தாத்தாக்களுக்காகக் கட்டப்பட்டவை அல்ல. கோல்ட்ஸ் ஜிம் 1965-ல், அதாவது மெடிகேர் பிறந்த அதே வருஷம், கலிஃபோர்னியாவின் வெனிஸ் கடற்கரைப் பகுதியில் திறந்தது. கட்டுடல் இளைஞர்களின் கோயில் அது. 70 வயதுப் பாட்டி உள்ளே வந்தால் யாரையோ தேடிக்கொண்டு வந்திருக்கிறார் என்றுதான் நினைத்திருப்பார்கள்.

அந்த நினைப்பை உடைத்ததில் 1990-ல் வந்த ஒரு சின்ன ஆராய்ச்சிக்குப் பெரிய பங்கு உண்டு என்பது என் கட்சி. பாஸ்டனில் யூதர்கள் நடத்தும் ஒரு முதியோர் மருத்துவ இல்லத்தில் மரியா ஃபியாடரோன் என்ற டாக்டரும் கூட்டாளிகளும் 10 பேரைத் தேர்ந்தெடுத்தார்கள். வயது 86 முதல் 96 வரை. எட்டு வாரம் காலால் எடை தூக்க வைத்தார்கள். பேருக்குத் தூக்குவது இல்லை. நிஜமாகவே கனமான எடை. முடிவில் கால் பலம் சராசரியாக 174 சதவீதம் கூடியிருந்தது. இரண்டு பேர் கைத்தடியை விட்டுவிட்டார்கள். கையை ஊன்றாமல் நாற்காலியை விட்டு எழ முடியாமல் இருந்த ஒருவர் எழுந்தார். பத்துப் பேரை வைத்து உலகத்துக்கு நீதி சொல்ல முடியாதுதான். ஆனால் 90 வயதுத் தசையும் சொன்ன பேச்சைக் கேட்கும் என்று தெரிந்தபின் பழையபடி 'ரெஸ்ட் எடுங்க' என்று சொல்ல டாக்டர்களுக்கு நா கொஞ்சம் கூசியது.

1992-ல் அரிசோனாவில் மேரி ஸ்வான்சன் என்ற பெண்மணி சில்வர்ஸ்னீக்கர்ஸ் என்ற திட்டத்தைத் தொடங்கினார். பேரிலேயே விஷயம் இருக்கிறது: வெள்ளி முடி, காலில் ஷூ. அவர் புதிதாக ஜிம் கட்டவில்லை. காலை ஒன்பதிலிருந்து பிற்பகல் வரை ஜிம்கள் காலியாகக் கிடக்கின்றன. லைட்டு எரிகிறது, ஏசி ஓடுகிறது, ஆள் இல்லை. இன்னொரு பக்கம் முதியோரை உறுப்பினராகச் சேர்த்துக்கொள்ளத் தவிக்கும் இன்சூரன்ஸ் கம்பெனிகள். நடுவில் நின்று இரண்டையும் முடிச்சுப் போட்டது அந்தத் திட்டம். கம்பெனி திட்டத்துக்குப் பணம் தரும்; திட்டம் ஜிம்முக்கு, பெரும்பாலும் வருகைக் கணக்கில், ஒரு சின்னத் தொகை தரும். வாசலில் சித்தப்பாவின் கார்டு போட்ட 'பீப்' அந்தக் கணக்குதான்.

இந்தக் கம்பெனிகள் யார்? அரசு நேரடியாக நடத்தும் மெடிகேருக்குப் பதிலாக, அதே மெடிகேரைத் தனியார் கம்பெனி வழியாக வாங்கிக்கொள்ளலாம். 2003 சட்டத்துக்குப் பிறகு அதற்கு மெடிகேர் அட்வான்டேஜ் என்று பெயர். அரசு கம்பெனிக்குத் தலைக்கு இவ்வளவு என்று மாதாமாதம் கொடுத்துவிடும். செலவைக் கம்பெனி பார்த்துக்கொள்ள வேண்டும். 2023-ல் தகுதியுள்ளவர்களில் பாதிப் பேருக்கு மேல் இந்தப் பக்கம் வந்துவிட்டார்கள். பல், கண்ணாடி, ஜிம் என்று பிரசாதத் தட்டு மாதிரி நீட்டுவதும் அதற்கு ஒரு காரணம்.

நான் கேட்ட 'ஏன்?' என்ற கேள்விக்குப் பதில் இங்கேதான் ஒளிந்திருக்கிறது. தலைக்கு இவ்வளவு என்று பணம் வந்தால், செலவு வைக்காத தலைதான் லாபமான தலை. பொருளாதாரப் பாடத்தில் ஒரு பழங்கதை சொல்வார்கள்: முதியோரைச் சேர்க்கும் ஆபீசை லிஃப்ட் இல்லாத மாடியில் வைத்தால், ஏறி வர முடிந்தவர்கள் மட்டும் சேர்வார்கள். ஜிம் சலுகையும் ஒரு மாடிப்படியா என்று பிரவுன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த அலிசியா கூப்பரும் அமல் திரிவேதியும் ஆராய்ந்து 2012-ல் வெளியிட்டார்கள். ஜிம் சலுகையைப் புதிதாகச் சேர்த்த 11 திட்டங்களையும் சேர்க்காத 11 திட்டங்களையும் ஒப்பிட்டார்கள். சலுகை வந்தபின் புதிதாகச் சேர்ந்தவர்களில், என் உடம்பு நன்றாக இருக்கிறது என்று சொன்னவர்கள் கூடுதல். நடக்கக் கஷ்டம் என்றவர்கள் குறைவு. ஜிம்மில் பயிற்சி செய்து அப்படி ஆனவர்கள் இல்லை. வரும்போதே அப்படி வந்தவர்கள். நோயாளியை மறுக்கக் கூடாது என்பது சட்டம். ஆனால் ஓடக்கூடியவன் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி ட்ரெட்மில்லை வாசலில் வைக்கலாமே, யார் கேட்பது? நோய்க்கு ஏற்ப அரசு கூடக்குறையக் கொடுக்கும் முறை 2004 முதல் படிப்படியாக வந்து இந்த லாபத்தைக் கொஞ்சம் நறுக்கியது. இப்போது ஏறக்குறைய எல்லாத் திட்டங்களிலும் ஜிம் இருப்பதால் அது பழைய சல்லடையாகவும் இல்லை. இல்லாவிட்டால்தான் ஆள் வரமாட்டார்கள்.

சித்தப்பாவிடம் இதைச் சொன்னேன். "அவன் எதுக்குக் கொடுக்கறான்னு எனக்கு எதுக்குடா? கல்யாண வீட்டுல சாப்பாடு போட்டா மாப்பிள்ளை வீட்டுக் கணக்கையா கேப்பே?" என்றார். நானும் அவர் கட்சிதான். உள்நோக்கம் எதுவாக இருந்தாலும், 65 தாண்டிய அமெரிக்கர்களில் நாலில் ஒருவர் வருஷத்துக்கு ஒரு தடவையாவது விழுகிறார். அந்த வகுப்பில் நான் பார்த்ததெல்லாம் விழாமல் இருக்கும் வித்தை. நாற்காலியில் உட்கார்ந்து குழாயை இழுப்பது. கையை ஊன்றாமல் எழுந்து உட்கார்ந்து மறுபடி எழுவது. பிறகு நாற்காலியைத் திருப்பி அதன் முதுகைப் பிடித்துக்கொண்டு குதிகாலைத் தூக்கித் தூக்கி இறக்குவது. பாட்டு, அவர்கள் காலேஜ் நாளில் ஆடியது. டீச்சருக்கே 70 இருக்கும். அவர் எண்ணுவதற்கு முன்னால் இவர்கள் எண்ணிவிடுகிறார்கள்.

குறை இல்லாமல் இல்லை. சித்திக்கும் அதே கார்டு இருக்கிறது. அது டிராயரில் கிடக்கிறது. முழங்கால் வலி, குளிர், ஜிம் என்றால் கூச்சம். "அங்கெல்லாம் நான் என்னத்தைப் போட்டுண்டு வர்றது?" என்பார். வர வேண்டியவர்கள் வருவதில்லை, வருகிறவர்கள் எப்படியும் நடந்திருப்பார்கள் என்ற குறை ஒரே வீட்டில் இரண்டு கார்டாக இருக்கிறது. 2020 மார்ச்சில் கொரோனாவுக்காக ஜிம்கள் மூடியபோது வகுப்பு கம்ப்யூட்டர் திரைக்கு வந்தது. சமையலறை நாற்காலியை இழுத்துப் போட்டுச் சித்தியும் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார். ஜிம் திறந்ததும் அந்த நாற்காலி மேஜைக்குத் திரும்பிவிட்டது. சித்தியும்தான்.

இன்னொரு தலைவலி, இது வருஷத்துக்கு வருஷம் மாறும் சலுகை. 2018 தொடக்கத்தில் யுனைடெட்ஹெல்த்கேர் பல மாநிலங்களில் சில்வர்ஸ்னீக்கர்ஸை விட்டுத் தன் சொந்த ஏற்பாட்டுக்கு மாறியது. பத்து வருஷமாகப் போன ஜிம்மில் ஜனவரியில் கார்டு செல்லாது என்றால், போவது ட்ரெட்மில் மட்டுமா? பக்கத்து நாற்காலிக்காரரும் போய்விடுகிறார். சித்தப்பாவின் பக்கத்து நாற்காலி, ரிட்டையரான ஒரு இத்தாலிய பஸ் டிரைவர். வகுப்பு முடிந்து இருவரும் ஒரு மணி நேரம் காபி குடிக்கிறார்கள். நாற்பது வருஷம் ஆபீசில் பழகிய வெள்ளைக்காரர் ஒருவரும் இப்படி வாய்க்கவில்லை என்கிறார் சித்தப்பா.

அக்டோபர் 15 முதல் டிசம்பர் 7 வரை திட்டம் மாற்றிக்கொள்ளும் காலம். நான் கிளம்புவதற்கு முந்தின நாள் சமையலறை மேஜை முழுக்கப் பளபளப்பான புத்தகங்கள். மருந்துப் பட்டியல், டாக்டர் பட்டியல், நம் கையிலிருந்து கட்டும் காப்பே கணக்கு எல்லாவற்றையும் சித்தி பார்த்துக்கொண்டிருந்தார். சித்தப்பா ஏஜென்டுக்குப் போன் போட்டார். அவருக்கு இருந்தது ஒரே கேள்வி: செவ்வாய்க்கிழமை ஒன்பதரை மணி வகுப்பு, அதே இடத்தில், அடுத்த வருஷமும் உண்டா? பார்த்துச் சொல்கிறேன், லைனில் இருங்கள் என்றாள் ஏஜென்ட் பெண். போனில் ஏதோ இசை ஓட ஆரம்பித்தது. சித்தப்பா ஸ்பீக்கரில் போட்டு மேஜைமேல் வைத்தார். எழுந்து நாற்காலியைத் திருப்பினார். அதன் முதுகைப் பிடித்துக்கொண்டு, அந்த இசைக்கு, குதிகாலைத் தூக்கித் தூக்கி இறக்கத் தொடங்கினார்.

"இருபது ஆச்சு" என்றார் சித்தி, புத்தகத்திலிருந்து கண்ணை எடுக்காமல்.