கேமரன் மலையில் ஹெலிகாப்டருக்கும் மூச்சு வாங்கும்

தாப்பாவிலிருந்து கேமரன் மலையின் தானா ராத்தாவுக்கு மோட்டார் சடக்கு வந்தது 1931-இல். அதற்கு இரண்டு ஆண்டு முன்பே ஜே. ஏ. ரஸ்ஸல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கியிருந்தார். கடல் கடந்து வந்த தமிழ்த் தொழிலாளர்கள் லயங்களில் குடியேறினார்கள். வளைந்து வளைந்து ஏறும் அந்தச் சடக்கை நம்பித்தான் அரிசியும் வந்தது, தேயிலையும் இறங்கியது. 1948 ஜூனில் மலாயாவில் அவசரகாலம் பிறந்ததும் அதே சடக்கைக் கண்டு ஜனங்கள் பயந்தார்கள். வளைவில் லாரி வேகத்தைக் குறைத்தாக வேண்டும்; மேட்டில், காட்டுக்குள் கம்யூனிஸ்ட் கெரில்லாவின் துப்பாக்கி காத்திருக்கலாம். 1951 அக்டோபர் 6 அன்று பிரிட்டிஷ் உயர் ஆணையர் ஹென்றி கர்னி பிரேசர் மலைக்குப் போகும் வழியில், இப்படி ஒரு வளைவில்தான் சுட்டுக் கொல்லப்பட்டார்.

சடக்கு கைவிட்டால் ஆகாயம்தான். 1950-இல் பிரிட்டிஷ் விமானப்படை மூன்று டிராகன்ஃபிளை ஹெலிகாப்டர்களை வைத்து, காயம்பட்டவர்களைத் தூக்கி வருவதற்கென்றே சிங்கப்பூரில் ஒரு பிரிவை அமைத்தது. போர்ப்பணிக்கு அந்தப் படை இறக்கிய முதல் ஹெலிகாப்டர் பிரிவு அது. 1953-இல் அதுவே 194-ஆம் படைப்பிரிவாக வளர்ந்தது. தோட்டத்து மக்களை ஹெலிகாப்டரில் ஏற்றி எங்கோ காப்பாற்றிக் கொண்டுபோனார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். லயங்களை ஒன்றுசேர்த்து முள்வேலிக்குள் கொண்டுவந்த காலம் அது. அதற்கு லாரி போதும். ஹெலிகாப்டர் தூக்கியது குண்டடிபட்ட சிப்பாயை, போலீஸ்காரரை, பின்னாளில் காட்டுக்கோட்டைகளில் நோயில் விழுந்த ஓராங் அஸ்லி பழங்குடி மக்களை.

டிராகன்ஃபிளையில் விமானியோடு மூன்று பேர் போகலாம் என்பது காகிதத்துக் கணக்கு. இங்கிலாந்தின் குளிர்ந்த சமதளத்துக்கு அது சரி. மலாயாவில் அந்தக் கணக்கு இடித்தது. ஹெலிகாப்டரைத் தூக்குவது அதன் சுழலிகள் கீழே தள்ளும் காற்று. காற்று சூடானால் மெலியும். உயரே போனாலும் மெலியும். தானா ராத்தா 1,400 மீட்டருக்கு மேலே இருக்கிறது. அந்த உயரத்துக் காற்று கடல்மட்டத்துக் காற்றைவிட ஏறத்தாழ ஏழில் ஒரு பங்கு மெலிந்தது. சுழலி அதே வேகத்தில் சுற்றினாலும் அதன் பிடிக்குள் வரும் காற்று குறைவு. பெட்ரோல் எஞ்சினுக்கும் அதே பற்றாக்குறை. இரண்டு பக்கமும் இடி வாங்கிக்கொண்டு எழும்ப வேண்டும்.

ஆகவே விமானி நிறுவைக் கூடத்தில் தராசோடு நிற்கும் கங்காணியைப் போல எல்லாவற்றையும் எடைபோட்டார். ஒருவரைக் கூடுதலாக ஏற்ற வேண்டுமா? பெட்ரோலைக் குறை. பெட்ரோலைக் குறைத்தால் எங்கே போய் நிரப்புவது? 1953-இல் கடற்படை கொண்டுவந்த பெரிய எஸ்-55 பத்துப் பேருக்கென்று கட்டப்பட்டது. அதுவும் மலாயாவில் முழுச் சுமையோடு எழும்பத் திணறியது.

உயரத்தைவிடப் பெரிய தொல்லை மரம். காட்டில் வெட்டித் திறந்த ஒரு குழிக்குள் இறங்கிய ஹெலிகாப்டர், சுற்றிலும் நாற்பது ஐம்பது மீட்டர் மரங்கள் நிற்க, நேர்செங்குத்தாக ஏறியாக வேண்டும். அதற்குத்தான் எஞ்சின் அதிகம் உழைக்கும். தரையை ஒட்டி நிற்கும்போது கீழே தள்ளிய காற்று தரையில் மோதிக் கொஞ்சம் தாங்கிக்கொடுக்கும். சுழலியின் அகலத்தளவு உயரம் ஏறியதும் அந்தத் தாங்கல் போய்விடும். முன்னோக்கி நகரத் தொடங்கினாலோ கதை மாறுகிறது. மணிக்கு முப்பது கிலோமீட்டரைத் தொட்டதும் சுழலிக்குப் புதிய காற்று கிடைக்கிறது, எஞ்சினின் பாரம் இறங்குகிறது. தேயிலைச் சரிவு இதற்கு நல்ல இடம். இடுப்பளவுச் செடி, கீழே திறந்த பள்ளத்தாக்கு. மூக்கைத் தாழ்த்திச் சரிவோடு இறங்கினால் வேகம் சும்மா கிடைக்கும். பொழுதும் பார்க்க வேண்டும்: காலைக் குளிரில் காற்று கெட்டி, பிற்பகலில் மேகம் வந்து மலையை மூடிவிடும்.

1954-இல் வந்த பயனியர் வேறு வழியில் போனது. அது இறக்கை விமானம்தான். இறக்கையின் முன்விளிம்பில் நீளமாகத் திறக்கும் பட்டைகள், பின்விளிம்பில் அகலமான மடிப்புகள். இவற்றை விரித்தால் மணிக்கு அறுபது கிலோமீட்டருக்குக் கீழேயும் விழாமல் மிதக்கும். எழும்ப எழுபது மீட்டர் ஓட்டம் போதும். நான்கு பேரை ஏற்றிக்கொண்டு காட்டுக்கோட்டைகளின் துண்டுநிலங்களில் ஏறி இறங்கியது. ஹெலிகாப்டரைப் பற்றியே எல்லோரும் எழுதுகிறார்கள். இந்தப் பயனியரை மறந்துவிட்டார்கள் என்பது என் குறை.

மெல்லிய காற்றுக் கணக்கு இன்றும் மாறவில்லை. காபூல் விமான நிலையம் ஏறத்தாழ 1,790 மீட்டர் உயரத்தில், அதாவது கேமரன் மலையின் பிரிஞ்சாங் ஊரைவிட மேலே இருக்கிறது. தாலிபான் நகரைப் பிடித்த 2021 ஆகஸ்ட் 15 அன்று அங்கிருந்து ஓர் அமெரிக்க சி-17 விமானம் 823 பேரைக் கத்தாருக்குத் தூக்கியது. அவர்களில் 183 பேர் குழந்தைகள். தலைக்கு 60 கிலோ என்று வைத்தாலும் ஐம்பது டன்னுக்குள்தான் வரும். சி-17 எழுபது டன்னுக்கு மேல் சுமக்கும். எஞ்சினிலிருந்து சீறும் காற்று, தாழ்த்திய மடிப்புகளின்மேல் பாய்ந்து இறக்கைக்குக் கூடுதல் தூக்கல் தருகிறது. பயனியரின் மடிப்புகளுக்கு இது பேரன் முறை. இடம்தான் இல்லை. சாதாரணமாகச் சிப்பாய்கள் நூற்றுச் சொச்சம் பேர் உட்காரும் கூடு அது. பாதி திறந்திருந்த பின்கதவின் வழியே ஜனங்கள் ஏறிவிட்டார்கள். இறக்கிவிட மனமில்லாமல் விமானிகள் கிளம்பினார்கள். ஒரு வாரம் கழித்து இந்திய விமானப்படையின் சி-17 ஒன்று 168 பேரோடு காபூலிலிருந்து டெல்லி அருகே உள்ள ஹிண்டன் தளத்தில் இறங்கியது. அவர்களில் 107 பேர் இந்தியர்கள்.