பழைய வடிகட்டியும் நஞ்சுதான்

நிலமிழந்து வந்து நுவரெலியா மரக்கறித் தோட்டங்களில் கூலிக்கு மருந்தடிக்கும் சகோதரர்களுக்கு இதைச் சொல்ல விரும்புகிறோம். முகமூடியிலுள்ள வடிகட்டி நஞ்சை அழிப்பதில்லை; பிடித்து வைக்கிறது. அதிலுள்ள கரி மருந்தின் ஆவியை உறிஞ்சிக்கொள்கிறது. பரகுவாட் நாசினி 2008 முதல் 2011 வரை இலங்கையில் படிப்படியாக நிறுத்தப்பட்டது. ஆயினும் இன்று அடிக்கும் மருந்துகளும் நஞ்சே.

எனவே பிள்ளைகள் படுக்கும் லயத்து அறையில் முகமூடியைத் தொங்கவிடாதீர்கள். வேலை முடிந்ததும் காற்றுப் புகாத பையில் கட்டி, வீட்டுக்கு வெளியே பூட்டி வையுங்கள். திறந்து வைத்தால் பனியின் ஈரத்தையும் கரி உறிஞ்சிப் பயனற்றுப் போகும்.

மருந்து மணத்தாலோ, மூச்சிழுக்கக் கடினமானாலோ, குறித்த காலம் முடிந்தாலோ வடிகட்டியை மாற்றுங்கள். கழுவினால் கரி கெடும். அடுப்பில் எரித்தால் நஞ்சு புகையாகும். நானுஓயாவில் எறிந்தால் கொத்மலை ஓயா வழியே மகாவலிக்குப் போகும். பழையதை இரட்டைப் பையிலிட்டு, மூடியுள்ள வாளியில் ‘நஞ்சு’ என எழுதிச் சேர்த்து வையுங்கள். எங்கே ஒப்படைப்பதென்று விவசாயப் போதனாசிரியரிடம் கேளுங்கள்.

முகமூடியையும் அதை வைக்கப் பூட்டுப் பெட்டியையும் தரவேண்டியவர் மருந்தடிக்கச் சொல்பவரே. அதைக் கேட்டு வாங்குவது பிச்சையல்ல, உரிமை.